நாய்களில் ஒவ்வாமைக் கண் அழற்சி

நாய்களில் ஒவ்வாமைக் கண் அழற்சி என்பது, தீங்கற்ற பொருள்களுக்கு எதிராக நாயின் நோய் எதிர்ப்பு அமைப்பு மிகையாகச் செயற்படுவதால் கண்ணில் ஏற்படும் அழற்சியாகும். இமைகளின் உட்புறத்தையும் கண்ணின் வெண்பகுதியையும் மூடியுள்ள இமையிணைப்படலமே இதில் முதன்மையாகப் பாதிக்கப்படுகிறது. இது தானாகப் பார்வையைப் பறிப்பது அரிது. ஆயினும் தொடர்ந்து கண்ணைத் தேய்ப்பதும், தவறான சொட்டு மருந்தும் பார்வை இழப்பில் முடியக்கூடும்.

காரணங்கள்

மகரந்தம், பூஞ்சை வித்துகள், வீட்டுத் தூசியில் வாழும் நுண்ணிய சிற்றுண்ணிகள் ஆகியவை முக்கிய ஒவ்வாமை ஊக்கிகள். இவை கண்ணில் படும்போது மாஸ்ட் செல்கள் ஹிஸ்டமினை வெளிவிடுகின்றன. அதனால் இரத்தக் குழாய்கள் விரிந்து கண் சிவக்கிறது. அரிப்பும் நீர் வடிதலும் உண்டாகின்றன.

தாம்பரம், வண்டலூர், மேடவாக்கம் முதலிய தென்சென்னைப் புறநகர்ப் பகுதிகளில் சாலையோரங்களிலும் வெற்று மனைகளிலும் வளரும் பார்த்தீனியமும் சீமைக் கருவேலமும் ஒவ்வாமையைத் தூண்டும் மகரந்தம் உடையவை. கடலோரக் காற்றின் ஈரப்பதமும், அக்டோபர் முதல் டிசம்பர் வரையிலான வடகிழக்குப் பருவமழையும் சிற்றுண்ணிகளும் பூஞ்சைகளும் பெருகத் துணை புரிகின்றன. போகிப் பண்டிகைப் புகையும், ஏப்ரல் 2022 இல் பெருங்குடி குப்பைக் கிடங்கில் ஏற்பட்டது போன்ற தீயின் புகையும் ஒவ்வாமை ஊக்கிகள் அல்ல. எனினும் அவை கண்ணை உறுத்தி நோயைக் கடுமையாக்கக்கூடியவை.

அறிகுறிகள்

பெரும்பாலும் இரு கண்களும் சிவந்து, தெளிந்த நீர் வடியும். நாய் முகத்தைத் தரையிலோ பாதத்தாலோ தேய்க்கும். தோல் ஒவ்வாமை உள்ள நாய்களில் பாதங்களை நக்குதல், காது அழற்சி ஆகியவையும் உடன் காணப்படலாம்.

வேறுபடுத்தி அறிதல்

ஒரு கண் மட்டும் சிவத்தல், கண்ணைத் திறக்க இயலாமை, கார்னியா மங்குதல், பச்சை நிறப் பீளை ஆகியவை வேறு நோய்களைச் சுட்டலாம். உண்ணிகள் பரப்பும் எர்லிக்கியா தொற்றும் கண்ணின் உட்பகுதியில் அழற்சியை உண்டாக்கும். மருத்துவர் சிர்மர் தாளைக் கொண்டு கண்ணீரின் அளவைச் சோதிப்பார். ஒரு நிமிடத்தில் தாள் 15 மில்லிமீட்டர் அல்லது அதற்கு மேல் நனைவது இயல்பானது. ஃபுளோரசின் சாயம் கார்னியாவில் உள்ள புண்ணைப் பச்சை நிறத்தில் காட்டும்.

சிகிச்சை

மலட்டு உப்புக் கரைசலால் கண்ணைக் கழுவுதல், ஒவ்வாமை எதிர்ப்புச் சொட்டு மருந்துகள், கழுத்துக் கூம்பு ஆகியவை பயன்படுகின்றன. டெக்சாமெத்தசோன் போன்ற ஸ்டீராய்டு மருந்துகள் அழற்சியை விரைவில் தணிப்பவை. ஆனால் கார்னியாவில் புண் இருக்கும்போது இட்டால் புண் ஆறாமல் ஆழமாகிக் கண்ணில் துளை விழக்கூடும். எனவே மனிதர்களுக்காக வாங்கி வீட்டில் எஞ்சியுள்ள சொட்டு மருந்தை நாய்க்கு இடுதல் ஆபத்தானது. கண் புடைத்த பக், ஷிட்சு இனங்களில் கார்னியாப் புண் எளிதில் ஏற்படுவதால் கூடுதல் கவனம் தேவை.

1903 இல் தொடங்கப்பட்ட, வேப்பேரியில் உள்ள சென்னை கால்நடை மருத்துவக் கல்லூரியின் மருத்துவமனையில் நாய்களுக்குச் சிகிச்சை அளிக்கப்படுகிறது.

தடுப்பு முறைகள்

நடைப்பயிற்சிக்குப் பின் முகத்தையும் பாதங்களையும் ஈரத் துணியால் துடைத்தல், படுக்கைத் துணியை 60 பாகை செல்சியசு வெந்நீரில் துவைத்தல், உண்ணிகளைக் கட்டுப்படுத்துதல் ஆகியவை பயனுள்ள தடுப்பு முறைகளாகும்.