தெருச் சாப்பாட்டுச் சுற்றுலா: டொலர் யார் கைக்குப் போகிறது?

ஹட்டன், தலவாக்கலைப் பக்கத்து வியாபாரிகள் நாம் புறக்கோட்டைக்குப் போவதென்றால் அது சாமான் எடுக்கத்தான். விடியற்காலை பஸ்ஸில் இறங்கி, நான்காம் குறுக்குத் தெருவில் சீனி, பருப்பு விலை கேட்டு, இரண்டாம் குறுக்குத் தெருவில் துணி பார்த்து, லொறியில் ஏற்றச் சொல்லிவிட்டு, நின்ற நிலையில் ஒரு பராட்டாவும் பிளேன்டீயும். அதோடு ஊர் திரும்பிவிடுவோம். அதே புறக்கோட்டைக்கு ஆட்களைக் கூட்டிக்கொண்டு போய், கடை கடையாகச் சாப்பிட வைத்து, கதை சொல்லிக் காசு வாங்குகின்ற ஒரு தொழில் சில வருடங்களாக நடக்கிறது. தெருச் சாப்பாட்டுச் சுற்றுலா என்கிறார்கள். பெரும்பாலும் வெளிநாட்டு உல்லாசப் பயணிகளுக்கானது. இதில் இலாபம் எவ்வளவு, அது யாருக்கு என்று பார்ப்பதற்காகவே சென்ற மாதம் நானும் நாற்பது டொலர் கட்டி ஒரு குழுவில் சேர்ந்தேன். வீட்டில் தொகையைச் சொல்லவில்லை.

மொத்தம் எட்டுப் பேர். ஜேர்மன்காரர் நால்வர், மலேசியாவிலிருந்து ஒரு முஸ்லிம் தம்பதி, ஓர் அவுஸ்திரேலியப் பெண்மணி, நான். மாலை நான்கரை மணிக்கு கான் மணிக்கூட்டுக் கோபுரத்தடியில் சந்திப்பு. வழிகாட்டி இருபத்தைந்து வயது மதிக்கத்தக்க இளைஞர். கோபுரத்தை 1923இல் பம்பாய்ப் பார்சிக் குடும்பமொன்று தந்தையின் நினைவாகக் கட்டியது என்று தொடங்கினார். நூறு தடவை அதைக் கடந்து போயிருப்போம். கட்டியவர் யாரென்று நம்மில் எத்தனை பேர் கேட்டிருப்போம்?

பிரதான வீதியில் உப்பும் மிளகாய்த் தூளும் போட்ட அன்னாசித் துண்டு, பிறகு ஒரு சர்பத். இரண்டாம் குறுக்குத் தெருவில் சிவப்புப் பள்ளிவாசலின் முன் நிறுத்தி, 1908இல் தொடங்கி 1909இல் முடிந்த கட்டடம் இது, இந்தியக் கரையிலிருந்து வந்த முஸ்லிம் வியாபாரிகள் கட்டுவித்தது, வரைபடம் போட்ட ஹபீபு லெப்பை சாய்பு லெப்பை முறையாகக் கட்டடக்கலை படித்தவரல்லர் என்றெல்லாம் சொன்னார். சம்மாங்கோட்டுப் பள்ளி என்ற நம்மவர் வழக்கையும் விடவில்லை. உண்மையைச் சொன்னால் பையன் தன் பாடத்தை நன்றாகவே படித்திருந்தார். கேபோஸ் ஒழுங்கையில் மருந்துச் சரக்கு வாசனை பிடிக்க வைத்தார். செட்டியார் தெருவில் நகைக்கடைகளுக்கு நடுவே உளுந்து வடை. பின்னர் பலூடா. அது பாரசீகத்திலிருந்து இந்தியா வழியாக வந்த கதை ஜேர்மன்காரர்களுக்கு மிகவும் பிடித்துவிட்டது.

அங்கிருந்து திரீவீலில் கொம்பனித் தெரு. மஃரிபுக்கு நேரமாகிவிட்டதால் நானும் மலேசியக்காரரும் வேகந்தைப் பள்ளிக்குள் நுழைந்தோம். 1786இல் மலாயர்கள் எழுப்பிய பள்ளி. தன் மூதாதையரின் இனத்தார் இங்கே இருக்கிறார்கள் என்பதே அவருக்குத் தெரியாது. வெளியே வந்ததும் வழிகாட்டியைப் பார்த்து இதை ஏன் சொல்லவில்லை என்று கேட்டார். வழிகாட்டியின் பாடத்தில் அது இல்லை. இந்தத் தெருவில் மலாய் வீடுகளில் சமைக்கும் பாபத் என்ற குடல் கறியும் பிட்டும், வட்டிலப்பத்தின் மலாய்த் தொடர்பும் வைத்தே ஒரு மாலை முழுவதும் ஓட்டலாம்.

அந்த மலேசியத் தம்பதி ஒவ்வொரு கடையிலும் ஹலாலா என்று கேட்டுக்கொண்டே வந்தார்கள். வழிகாட்டியின் பதில் ஒன்றுதான்: "பன்றி இல்லை." அது போதாத பதில். நமது சிறு கடைகளில் சான்றிதழ் தொங்குவது அபூர்வம். 2013ஆம் வருடச் சர்ச்சைக்குப் பின் அத்தாட்சிப் பத்திரம் கொடுக்கும் வேலை ஜம்இய்யத்துல் உலமாவிடமிருந்து தனியான ஹலால் பேரவைக்கு மாறியது யாவரும் அறிந்ததே. ஆனால் தெருவோரக் கொத்துக் கடைக்கு ஊராரின் அறிமுகமே சான்றிதழ். ஊரானுக்கு அது போதும். கோலாலம்பூரிலிருந்து வந்தவருக்கு யாராவது விளக்கிச் சொல்ல வேண்டும். இறைச்சி எங்கே எடுக்கிறீர்கள் என்று நானே கடைக்காரரிடம் கேட்டு மொழிபெயர்த்த பிறகுதான் அவர்கள் கோப்பையைக் கையில் எடுத்தார்கள்.

கொத்துக் கல்லில் தகடு அடித்துக்கொண்டிருந்த தம்பிதான் என்னை யோசிக்க வைத்தவர். என் பேச்சைக் கேட்டுவிட்டு, "நானா ஹட்டனா?" என்றார். தலவாக்கலைப் பக்கத் தோட்டமொன்றில் பிறந்தவர். உதவிக்கு நின்ற இன்னொருவரும் மலையகம். புறக்கோட்டைக் கடைகளிலும் கொழும்பு ஹோட்டல்களிலும் வேலை செய்வோரில் நமது தோட்டத்துப் பிள்ளைகள் எவ்வளவு பேர் என்பது நமக்குத் தெரியாததல்ல. ஜேர்மன்காரர்கள் அந்தத் தம்பியைப் படம் பிடித்தார்கள், தாளத்தைக் காணொளி எடுத்தார்கள். அவர் எங்கிருந்து வந்தவர் என்று யாரும் சொல்லவில்லை.

கடை முதலாளி என்னை ஓரமாக அழைத்தார். "கூட்டம் வாறது நல்லந்தான். படம் எடுப்பாங்க, போவாங்க. எட்டுப் பேருக்கு ரெண்டு பிளேட்."

இரண்டு பிளேட்டுக்கு 1,800 ரூபா. இப்போது கணக்கைப் பார்ப்போம். டொலர் 300 ரூபா என்று வைத்துக்கொண்டால் எட்டுப் பேரிடமும் வாங்கியது 96,000 ரூபா. அன்னாசி முதல் காலிமுகத்திடலில் கடைசியாகத் தின்ற இறால் வடை வரை ஒவ்வொரு கடையிலும் கொடுத்ததை நான் குறித்துக்கொண்டே வந்தேன். தலைக்கு 1,600 ரூபாவுக்கு மேல் போகவில்லை. எட்டுப் பேருக்கும் 12,800. ஆக, வந்த பணத்தில் ஏறத்தாழ எட்டில் ஒரு பங்கு சமைத்தவர்களுக்கு. அதையும் ஏழு கடைகள் பிரித்துக்கொள்கின்றன. மீதியில் திரீவீல் கூலி, வழிகாட்டியின் சம்பளம், வெளிநாட்டு முன்பதிவுத் தளத்துக்குக் கணிசமான தரகு, நடத்துபவரின் இலாபம்.

இதைக் கொள்ளை என்று நான் சொல்ல வரவில்லை. முதல் போட்டு, ஆங்கிலம் பழகி, இணையத்தில் பெயரெடுத்து, மழையிலும் வெயிலிலும் ஆட்களை நடத்திச் செல்பவர் கூலி வாங்கத்தான் செய்வார். அந்த 96,000 ரூபாவில் விலைபோனது சாப்பாடல்ல, கதையும் நம்பிக்கையும் என்பதுதான் விஷயம். கடைக்காரரிடம் சாப்பாடும் இருக்கிறது, கதையும் இருக்கிறது. விற்பதோ சாப்பாட்டை மட்டுந்தான்.

பினாங்கில் நம்மவர்கள் இதை வேறு விதமாகச் செய்திருக்கிறார்கள். தோளில் காவடித் தண்டு போட்டு ஒரு பக்கம் சோறும் மறுபக்கம் கறியும் தூக்கித் துறைமுகத் தொழிலாளருக்கு விற்றவர்கள் தமிழ் முஸ்லிம்கள். தண்டுக்கு மலாயில் கண்டார். அதுவே நாசி கண்டார் ஆனது. 1907இல் தொடங்கிய ஹமீதிய்யா உணவகம் இன்றும் இருக்கிறது. 2008இல் ஜோர்ஜ் டவுன் யுனெஸ்கோ உலக மரபுரிமைப் பட்டியலில் சேர்ந்ததும் அந்தக் கூலிக்காரன் சோறு ஊரின் அடையாளமாகிவிட்டது. பெயரும் கதையும் கடையும் நம்மவர் கையில். வழிகாட்டி வந்தாலும் வராவிட்டாலும் பயணி அந்த வாசலைத் தேடி வருகிறான்.

இனி நமது ஊருக்கு வருவோம். காலிமுகத்திடலில் இறால் வடைக்குப் பின் எல்லோருக்கும் ஒரு பிளேன்டீ வாங்கித் தந்தார் வழிகாட்டி. "சிலோன் டீ" என்றார், அவ்வளவுதான். எந்த மலை என்று அவுஸ்திரேலியப் பெண்மணி கேட்டதற்கு, நுவரெலியா என்று பொதுவாகச் சொல்லி வைத்தார். நான் சும்மா இருக்கவில்லை. நுவரெலியா வேறு, திம்புள்ள வேறு. ஜனவரி முதல் மார்ச் வரை வறண்ட காற்றடிக்கும்போது திம்புள்ளக் கொழுந்துக்கு வரும் மணம் வேறு. 1869இல் கோப்பிச் செடியில் நோய் விழுந்து தோட்டங்கள் தேயிலைக்கு மாறியது, 1884இல் ரயில் ஹட்டனுக்கு ஏறி வந்தது, லயத்துக் காம்பராவில் விடியற்காலை சுடும் கோதுமை மா ரொட்டி, அம்மியில் அரைக்கும் சம்பல் என்று சொல்லிக்கொண்டே போனேன். எட்டு மணியாகியும் யாரும் எழுந்திருக்கவில்லை. நாற்பது டொலர் கட்டியவர்கள் இலவசமாகக் கேட்டது அது.

ஹட்டனுக்கு ஆள் வராமல் இல்லை. டிசம்பர் போயாவிலிருந்து வெசாக் வரை பாவாத மலைக்குப் போவோர் பலர் நமது சந்தியால்தான் பஸ் மாறுகிறார்கள். 1344இல் இப்னு பதூதா ஏறிய மலை அது. ஆரியச் சக்கரவர்த்தி வழித்துணைக்கு ஆட்களைச் சேர்த்தனுப்பினார் என்று அவரே எழுதிவைத்திருக்கிறார். வழிகாட்டியோடு வந்த பயணி நமக்குப் புதிதல்ல. இன்றைய வெளிநாட்டுக்காரன் ஹட்டனில் இறங்குகிறான், வேனில் ஏறுகிறான், நல்லதண்ணிக்குப் போய்விடுகிறான். நகரத்தில் அவன் செலவழிப்பது ஒரு தண்ணீர்ப் போத்தல்.

நமது கடைத்தெரு நம்பியிருப்பது தோட்டத்துச் சம்பள நாளையும் அட்வான்ஸ் நாளையும். 2024 செப்டெம்பரில் வர்த்தமானியில் வந்த நாட்கூலி 1,350 ரூபா. கொழும்பில் ஒரு மாலைச் சாப்பாட்டுச் சுற்றுக்கு நான் கட்டிய 12,000 ரூபா, அந்தக் கணக்கில் ஒரு கொழுந்துக்காரப் பெண்ணின் ஒன்பது நாள் உழைப்பு. அந்தக் கூலியையே சுற்றிச் சுற்றி விற்றுக்கொண்டிருக்கும் கடைக்கு வெளிக்காசு கொஞ்சம் வந்தால் என்ன?

ஒரு உத்தேசக் கணக்கு. ஆறு பேர், தலைக்கு 15 டொலர், மொத்தம் 27,000 ரூபா. ஐந்து கடை. சாப்பாட்டுக்குத் தலைக்கு 1,200 வீதம் 7,200. சமையலறையைத் திறந்து காட்டி ரொட்டி தட்டப் பழக்குவதற்காகக் கடைக்கு ஆயிரம் வீதம் 5,000. வழிகாட்டிக்கு 8,000. மீதி 6,800 தரகுக்கும் பொதுச் செலவுக்கும். கடைகளுக்குப் போவது 12,200. எட்டில் ஒரு பங்கல்ல, ஐந்தில் இரண்டுக்கு மேல். வழிகாட்டிக்கு உல்லாசப் பயணத்துறை அபிவிருத்தி அதிகாரசபையின் அனுமதிப்பத்திரம் வேண்டும். அதில் பிரதேச வழிகாட்டி என்றே ஒரு தரம் இருக்கிறது. இரண்டு மொழி பேசும் நமது பிள்ளைகள் கொழும்பில் கொத்துக் கல்லடியில் நிற்பதைவிட இதைப் படிக்கலாம்.

ஆபத்து இல்லாத வியாபாரம் அல்ல. 2018இல் 23 இலட்சம் பேருக்கு மேல் வந்த நாட்டுக்கு 2021இல் இரண்டு இலட்சம் பேர்கூட வரவில்லை. 2019 ஏப்ரலுக்குப் பின் நமது கடைகளைப் பலர் ஒதுக்கியது, 2022இல் காஸ் வரிசையில் காத்துக் கிடந்தது, 2025 நவம்பர் இறுதியில் டித்வா புயலில் மலையக ரயில் பாதை பல இடங்களில் உடைந்தது எதையும் மறந்துவிட முடியாது. 2024இல் வருகை மீண்டும் 20 இலட்சத்தைத் தாண்டியது. ஆனாலும் இருக்கிற வியாபாரத்தைக் கைவிட்டு யாரும் இதில் இறங்கக் கூடாது. பக்கத்தில் வைத்துச் செய்ய வேண்டும். அடுத்த சில வருடங்களுக்கு நோன்பும் இந்த மலைப் பருவத்துக்குள்ளேயே வருகிறது. அந்த வாரங்களில் பகலில் சுற்று இல்லை. மஃரிபுக்குப் பின் கஞ்சியில் தொடங்கலாம். வெளிநாட்டுக்காரன் அதைத்தான் அதிகம் விரும்புவான் என்று எனக்குத் தோன்றுகிறது.

தேத்தண்ணி விஷயத்திலும் கொஞ்சம் மாற வேண்டும். திம்புள்ளயின் நல்ல தரமெல்லாம் கொழும்பு ஏலத்துக்குப் போய் கப்பலேறுகிறது. ஹட்டன் கடைகளில் நாம் ஊற்றிக் கொடுப்பது தூள். இந்த மலையைத் தேடி வந்தவனுக்கு ஒரு கோப்பையாவது இந்த மலையின் நல்ல கொழுந்தில் ஊற்றிக் கொடுக்கத் தனியாக ஒரு டின் வாங்கி வைத்தால் போதும்.

இந்தக் கணக்கையெல்லாம் ஹட்டனில் எனக்குப் பழக்கமான ஹோட்டல்கார ஹாஜியார் ஒருவரிடம் விரித்து வைத்தேன். பொறுமையாகக் கேட்டார். "எல்லாம் சரி மகன், அவங்க வந்து கக்கூஸ் எங்க என்டு கேட்டா நான் எதைக் காட்ட?" என்றார். இத்தனை கணக்கிலும் நான் சேர்க்காத செலவு அது. கொழும்பிலும் வழிகாட்டி இதற்காகவே எங்களை இரண்டு தடவை பெரிய கட்டடங்களுக்குள் கூட்டிப் போனார். ஹாஜியாரின் கடைப் பின்பக்கத்தில் ஒரு வாஷ்பேசினும் டைல்ஸ் போட்ட ஒரு கழிப்பறையும் கட்ட இடமிருக்கிறது. மேசன் பாஸை அழைத்து அளவெடுத்திருக்கிறார். டிசம்பர் போயாவுக்கு முன் முடித்துத் தருவதாகச் சொல்லி அவர் முற்பணமும் வாங்கிவிட்டாராம்.