சைகோனில் நின்றுவிட்ட தமிழர்... 80 ஆண்டுகளாகத் தீராத நேதாஜி மர்மம்!

பெரம்பலூர் மாவட்டம் பூலாம்பாடியிலிருந்து மலேசியா, சிங்கப்பூர் என்று கடல் கடந்தவர்கள் நிறைய பேர். அந்த மலாயாவில்தான் ரப்பர் தோட்டத் தமிழர்கள் ஆயிரக்கணக்கில் நேதாஜியின் படையில் சேர்ந்தார்கள்.

1945 ஆகஸ்ட் 17, சைகோன். ஜப்பானிய விமானத்தில் இரண்டு பேருக்குத்தான் இடம் என்றார்கள். நேதாஜி, ஹபிபுர் ரஹ்மானுடன் ஏறினார். ஆசாத் ஹிந்த் அரசின் பிரசார அமைச்சரான தமிழர் எஸ்.ஏ.ஐயர் கீழே நின்றுவிட்டார். மறுநாள் தைபேயில் விமானம் கிளம்பும்போதே விழுந்தது. தீக்காயங்களால் நேதாஜி இறந்தார் என்றது ஜப்பான். சில நாள்களில் டோக்கியோ போய்ச் சேர்ந்த ஐயரின் தலையில்தான், உடலைக்கூடப் பார்க்காமல், அந்த மரண அறிவிப்பை எழுதும் வேலை விழுந்தது. என்ன கொடுமை!

1956-ல் ஷா நவாஸ் கமிட்டி, 1974-ல் கோஸ்லா கமிஷன் இரண்டுமே, ‘இறந்தது உண்மை’ என்றன. கமிட்டியில் இருந்த நேதாஜியின் அண்ணன் சுரேஷ் சந்திர போஸே இறுதி அறிக்கையில் கையெழுத்திடவில்லை. ‘உயிரோடு இருக்கிறார்’ என்றார் முத்துராமலிங்கத் தேவர். 2005-ல் முகர்ஜி கமிஷன், ‘விபத்தில் சாகவில்லை’ என்றது. மத்திய அரசு அதை ஏற்கவில்லை.

டோக்கியோ ரென்கோஜி கோயிலில் இருக்கும் அஸ்தியை டி.என்.ஏ சோதனை செய்யலாம், இந்தியாவுக்குக் கொண்டுவாருங்கள் என்று கேட்டுவருகிறார், ஜெர்மனியில் வாழும் மகள் அனிதா.