பர்மிட் அப்பீல் இழுத்துக்கொண்டே போனால் ஐகோர்ட்டு என்ன செய்யும்?

தாராவியிலும் செம்பூரிலும் டாக்சி, ஆட்டோ, சிறு லாரி ஓட்டிப் பிழைக்கும் தமிழர்கள் பலர். வண்டி பெரும்பாலும் கடனில் வாங்கியதாக இருக்கும். பர்மிட்டை சஸ்பெண்டு செய்தாலோ, புதுப்பிக்க மறுத்தாலோ அன்றே வண்டி நின்றுவிடுகிறது. கடன் தவணை மட்டும் நிற்பதில்லை.

அப்பீல் போட்டுவிட்டு மாதக்கணக்கில், ஆண்டுக்கணக்கில் காத்திருப்பவர்கள் உண்டு. அவர்களுக்குச் சட்டம் வேறொரு கதவையும் திறந்து வைத்திருக்கிறது.

யாரிடம் அப்பீல்?

பர்மிட் மறுப்பு, அதில் விதித்த நிபந்தனை, ரத்து, சஸ்பெண்டு, பெயர் மாற்ற மறுப்பு, புதுப்பிக்க மறுப்பு ஆகியவற்றை எதிர்த்து மாநிலப் போக்குவரத்து அப்பீல் டிரிபியூனலுக்குப் போகலாம். 1988-ம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டத்தின் 89-வது பிரிவு இந்த உரிமையைத் தருகிறது. அப்பீலுக்கு இடமில்லாத உத்தரவாக இருந்தால், 90-வது பிரிவின்படி 30 நாட்களுக்குள் சீராய்வு மனு கொடுக்க வேண்டும்.

பர்மிட் வழங்குவது பற்றிய பிரச்சினையை சிவில் கோர்ட்டு விசாரிக்கக் கூடாது என்கிறது 94-வது பிரிவு. ஆகவே டிரிபியூனல் தாமதித்தால் போகக்கூடிய இடம் ஐகோர்ட்டுதான்.

கண்காணிக்கும் அதிகாரம்

தன் எல்லைக்கு உட்பட்ட எல்லாக் கோர்ட்டுகளையும் டிரிபியூனல்களையும் கண்காணிக்கும் அதிகாரத்தை, அரசியல் சட்டத்தின் 227-வது பிரிவு ஐகோர்ட்டுக்குக் கொடுத்திருக்கிறது. நெருக்கடி நிலைக் காலத்தில், 1976-ல் வந்த 42-வது திருத்தம் டிரிபியூனல்களை இந்தக் கண்காணிப்பிலிருந்து விலக்கியது. 1978-ல் நிறைவேறிய 44-வது திருத்தம் அதை மீட்டுத் தந்தது.

கடமையைச் செய்யாத அதிகார அமைப்பை, அதைச் செய்யும்படி உத்தரவிடக் கோரி 226-வது பிரிவின் கீழ் ரிட் மனுவும் போடலாம்.

கும்பகோணம் வழக்கு

ஆனால் ஐகோர்ட்டே பர்மிட் கொடுத்துவிடுமா? இதற்குப் பதில் தஞ்சை மாவட்டத்து பஸ் வழக்கு ஒன்றில் இருக்கிறது.

பொறையாறு சதி விஹார் பஸ் சர்வீஸ் உரிமையாளர் வீரப்ப பிள்ளைக்கும், கும்பகோணம் ராமன் அண்டு ராமன் கம்பெனிக்கும் ஐந்து பஸ்களின் பர்மிட் பற்றித் தகராறு. 1940-களில் தொடங்கிய இந்த வழக்கு போக்குவரத்து அதிகாரிகள், அரசாங்கம், சென்னை ஐகோர்ட்டு என்று ஏறி, சுப்ரீம் கோர்ட்டு வரை போனது. சென்னை ஐகோர்ட்டு, கம்பெனிக்கே பர்மிட் வழங்கும்படி உத்தரவிட்டிருந்தது.

1952-ல் சுப்ரீம் கோர்ட்டு அதை ரத்து செய்தது. தீர்ப்பை எழுதியவர் நீதிபதி சந்திரசேகர ஐயர். அதிகாரிகள் வரம்பு மீறினால் ஐகோர்ட்டு தலையிடலாம். ஆனால் அதுவே அப்பீல் கோர்ட்டாகி, இன்னாருக்கு பர்மிட் கொடு என்று சொல்ல முடியாது என்பது தீர்ப்பின் சாரம்.

1964-ல் ராஜகோபால நாயுடு வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு இன்னொன்றையும் தெளிவாக்கியது. பர்மிட் விண்ணப்பங்களை எப்படி எடைபோட வேண்டும் என்று சென்னை அரசாங்கம் 1956-ல் போட்ட உத்தரவு செல்லாது என்றது. நீதி விசாரணை செய்யும் அமைப்புக்கு அரசாங்கம் முடிவு சொல்லிக் கொடுக்கக் கூடாது.

ஆகவே, தாமதத்துக்காக ஐகோர்ட்டுக்குப் போகிறவர் அங்கே பர்மிட்டை எதிர்பார்க்கக் கூடாது. இத்தனை வாரத்துக்குள் அப்பீலை விசாரித்து முடிக்க வேண்டும் என்று டிரிபியூனலுக்குக் கெடு விதிக்கும்படி கேட்கலாம்.

காலம் ஏன் முக்கியம்?

பர்மிட்டின் ஆயுள் 5 ஆண்டு. சஸ்பெண்டு உத்தரவை எதிர்த்த அப்பீல் 3 ஆண்டு கிடந்தால், ஜெயித்தவருக்கும் மிச்சம் கொஞ்சமே. வழக்கு நடக்கும்போதே கெடு முடியுமானால், முடிவதற்கு 15 நாட்களுக்குக் குறையாமல் முன்பே புதுப்பிக்க விண்ணப்பிக்க வேண்டும். அந்த விண்ணப்பம் முடிவாகும் வரை, 87-வது பிரிவின் கீழ் 4 மாதத்துக்கு மேற்படாத தற்காலிக பர்மிட் கேட்கலாம்.

பொறுமை இழந்து பர்மிட் இல்லாமல் வண்டியை எடுத்தால் அது 192-ஏ பிரிவின்படி குற்றம். நியாயம் உள்ள வழக்கும் அதனால் கெட்டுப்போகும்.

செய்ய வேண்டியவை

அப்பீல் போட்டதாலேயே கீழ் உத்தரவு நின்றுவிடாது. தடை உத்தரவு கேட்டுத் தனி மனு கொடுக்க வேண்டும். ஒவ்வொரு வாய்தாவின் தேதியையும், அது யாரால் தள்ளிப்போனது என்பதையும் குறித்து வைக்க வேண்டும். சீக்கிரம் விசாரிக்கும்படி முதலில் டிரிபியூனலிலேயே எழுதிக் கொடுத்து, அதன் நகலை வைத்துக்கொள்வது நல்லது. தாமதம் தன்னால் அல்ல என்று ஐகோர்ட்டில் காட்ட இவைதான் சாட்சி.

வக்கீல் கட்டணம் பலருக்குத் தடை. 1987-ம் ஆண்டு சட்டப் பணிகள் ஆணையச் சட்டப்படி பெண்கள், தாழ்த்தப்பட்டோர், பழங்குடியினர், தொழிற்சாலைத் தொழிலாளர், வருமான வரம்புக்குக் கீழ் உள்ளோர் இலவச சட்ட உதவி பெறலாம்.

மராத்தியிலோ இங்கிலீஷிலோ வரும் உத்தரவைப் படிக்கத் தெரியாமல் அப்பீல் கெடுவைத் தவறவிடும் டிரைவர்கள் உண்டு. மாட்டுங்காவில் குமாஸ்தா வேலை பார்க்கும் ஒருவர் அரைமணி நேரம் ஒதுக்கி அதைப் படித்துச் சொல்லி, கெடு தேதியைக் குறித்துக் கொடுத்தால் ஒரு குடும்பத்தின் பிழைப்பு தப்பும்.