மெட்டைத் தாளில் பிடித்தவர்கள்

'ஜன கண மன' தாகூரின் பாட்டு, தாகூரின் மெட்டு. ஆனால் அதைத் தாளில் ஸ்வரப்படுத்திய ஐரிஷ் பெண்மணியையும், ஆர்கெஸ்ட்ராவுக்கு அமைத்துக் கொடுத்த ஆங்கில இசையமைப்பாளரையும் நாடு ஏறக்குறைய மறந்துவிட்டது.

மதனப்பள்ளி, 1919 பிப்ரவரி. தென்னிந்தியச் சுற்றுப்பயணத்தில் இருந்த ரவீந்திரநாத் தாகூர், ஹார்ஸ்லி மலைக்கு அருகில் உள்ள இந்தச் சிற்றூருக்குச் சில நாள் ஓய்வெடுக்க வந்திருந்தார். அன்று சென்னை மாகாணத்தின் சித்தூர் மாவட்டத்தைச் சேர்ந்த ஊர் அது. அங்கே அன்னி பெசன்ட் 1915-ல் தொடங்கிய தியசாபிகல் கல்லூரியின் முதல்வராக இருந்தவர் ஜேம்ஸ் கசின்ஸ். அயர்லாந்துக்காரர், கவிஞர், தாகூரின் நண்பர். ஒரு மாலை, மாணவர்கள் கூடிப் பாடிக்கொண்டிருந்த இடத்தில் கவிஞரும் ஒரு பாட்டுப் பாடினார். 1911 டிசம்பர் 27 அன்று கல்கத்தா காங்கிரஸில் முதன்முதலாகப் பாடப்பட்ட அதே பாட்டு. வங்க மொழி தெரியாத தெலுங்கு, தமிழ் மாணவர்களும் திரும்பத் திரும்ப வரும் ஜய கோஷத்தைச் சேர்ந்து பாடினார்கள்.

பிப்ரவரி 28 அன்று தாகூர் தம் கைப்படவே பாட்டை ஆங்கிலத்தில் எழுதித் தந்தார். மெட்டைப் பிடித்து வைக்கும் வேலை முதல்வரின் மனைவி மார்கரெட்டிடம் வந்தது.

அதற்கு அவரைவிடப் பொருத்தமானவர் அந்த ஊரில் கிடையாது. 1878-ல் பிறந்த மார்கரெட், டப்ளினில் இசை பயின்று 1902-ல் இசைப் பட்டம் வாங்கியவர். பெண்களுக்கு வாக்குரிமை கேட்டுப் போராடிச் சிறை சென்றவர். 1915-ல் கணவருடன் இந்தியா வந்தார். 1917-ல் சென்னை அடையாறில் இந்திய மாதர் சங்கம் உருவானதில் முக்கியப் பங்கு அவருடையது. தாகூர் பாடக் கேட்டு, மேற்கத்திய முறையில் ஐந்து கோடுகளின் மேல் அந்த மெட்டை எழுதினார்.

மார்கரெட்தான் தேசிய கீதத்துக்கு மெட்டமைத்தார் என்று சிலர் சொல்வதுண்டு. அது சரியல்ல. மெட்டு தாகூருடையது. மார்கரெட் அதைக் கேட்டபடி எழுதி வைத்தார். ஆனால் எழுதி வைப்பது சின்ன வேலையா?

மதனப்பள்ளியிலிருந்து மலைச்சாலையில் சில மணி நேரம் பயணம் செய்தால் திருப்பதி. 15-ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த அன்னமாச்சாரியார், திருமலை வேங்கடவன் மீது ஆயிரக்கணக்கான பாடல்களைப் பாடினார். அவை செப்பேடுகளில் பொறிக்கப்பட்டன. சாகித்யம் இருக்கிறது, ராகத்தின் பெயரும் இருக்கிறது. ஸ்வரம் மட்டும் இல்லை. 20-ஆம் நூற்றாண்டில் பாடல்கள் மீண்டும் வெளிச்சத்துக்கு வந்தபோது, பெரும்பாலானவற்றை அன்னமாச்சாரியார் எப்படிப் பாடினார் என்று சொல்ல ஆள் இல்லை. ராள்ளபள்ளி அனந்தகிருஷ்ண சர்மா போன்ற மேதைகள் புதிதாக மெட்டமைத்தார்கள். இன்று நாம் உருகிக் கேட்பவற்றில் பெரும்பாலானவை இந்தப் புது மெட்டுகள்தான். செம்பில் பொறித்த பாட்டுக்கே இந்தக் கதி.

தாகூரின் பாட்டுக்கு வேறு விதமான சோதனை வந்தது. 1947-ல் நியூயார்க்கில் ஐ.நா. பொதுச்சபை கூடியபோது, ஒரு நிகழ்ச்சியில் வாசிப்பதற்காக இந்தியாவின் தேசிய கீதத்தைக் கேட்டார்கள். அப்போது தேசிய கீதம் என்று எதுவும் முடிவாகவில்லை. தூதுக்குழுவிடம் 'ஜன கண மன' இசைத்தட்டு ஒன்று இருந்தது. ஆர்கெஸ்ட்ரா அதைக் கேட்டுப் பயிற்சி செய்து வாசித்தது. பல நாட்டுப் பிரதிநிதிகளும் பாராட்டினார்கள். 1948 ஆகஸ்டில் அரசியல் நிர்ணய சபையில் இதை விவரித்த நேரு, வெளிநாடுகளில் ஆர்கெஸ்ட்ராவும் பாண்டும் வாசிக்கத்தக்க மெட்டு வேண்டும் என்பதை வலியுறுத்தினார்.

இங்கேதான் சிக்கல். நம் இசையில் ஒரு மெட்டு ஒற்றை இழையாக ஓடும். நூறு பேர் பாடினாலும் அதையேதான் பாடுவார்கள். மேற்கத்திய ஆர்கெஸ்ட்ராவில் வயலினுக்கு ஒரு தாள், டிரம்பெட்டுக்கு ஒரு தாள், முரசுக்கு ஒரு தாள். எல்லாம் ஒரே நேரத்தில் வெவ்வேறு ஸ்வரங்களை ஒலித்து இசைவாகச் சேர வேண்டும். மெட்டைக் கெடுக்காமல் இதைச் செய்ய, அந்த இசையிலேயே ஊறியவர் தேவை. நேருவின் விருப்பப்படி அந்த வேலை லண்டனில் ஹெர்பர்ட் முரில் என்பவரிடம் போனது.

1909-ல் லண்டனில் பிறந்த முரில், ராயல் அகாடமி ஆஃப் மியூசிக்கிலும் ஆக்ஸ்ஃபோர்டிலும் படித்தவர். 1933-லிருந்து அகாடமியில் இசையமைப்புப் பேராசிரியர். 1936-ல் பிபிசியில் சேர்ந்தார். உலகப் போரின்போது, எதிரிகளின் ரகசியச் செய்திகளைப் பிரித்துப் படித்த பிளெட்ச்லி பார்க்கில் பணிபுரிந்தார். அங்கேயும் ஓய்வு நேரத்தில் பாடகர் குழுவை நடத்தினார். 1950-ல், இந்தியா குடியரசான அதே ஆண்டில், பிபிசி இசைப் பிரிவின் தலைவரானார்.

அலுவலகப் பொறுப்புகளுக்கு நடுவே எழுதியதால் அவருடைய படைப்புகள் அதிகமில்லை. ஓர் ஓபரா, டபிள்யூ.எச். ஆடனின் நாடகத்துக்கு இசை, ஒரு நால்வர் தந்தி இசை, இரண்டு செல்லோ கான்செர்ட்டோக்கள். இரண்டாவது கான்செர்ட்டோ, ஸ்பெயினின் கேடலோனியப் பகுதி நாட்டுப்பாடல் ஒன்றிலிருந்து பிறந்தது. பிரெஞ்சு இசையின் சிக்கனமும் தெளிவும் அவருக்குப் பிடித்தவை. சுருங்கச் சொல்லும் அந்தக் கை, ஒரு நிமிடம்கூட நீடிக்காத பாட்டுக்குப் பொருத்தமானதுதான். தேசிய கீதத்தின் முழு வடிவத்துக்கு அரசு விதித்திருக்கும் நேரம் சுமார் 52 விநாடிகள்.

முரிலுக்கு மெட்டும் கைகொடுத்தது. 'ஜன கண மன' பெரும்பாலும் இந்துஸ்தானியின் பிலாவல் வகையைச் சார்ந்தது. நம் கணக்கில் சங்கராபரணத்தின் ஸ்வரங்கள். மேற்கத்தியரின் மேஜர் ஸ்கேலும் அதுவே.

இந்தக் கதவைத் தெற்கே முதலில் திறந்தவர்களில் ஒருவர் முத்துஸ்வாமி தீட்சிதர். 1960 வரை சித்தூர் மாவட்டத்தில் இருந்த திருத்தணியில்தான் அவருடைய முதல் கிருதி பிறந்தது என்பது மரபு. சென்னைக்கு அருகே மணலியில் வசித்தபோது கிழக்கிந்தியக் கம்பெனி பாண்டு வாத்தியங்களைக் கேட்ட அவர், அந்த மெட்டுகளுக்குச் சங்கராபரணத்தில் சம்ஸ்கிருத சாகித்யம் எழுதினார். அவைதான் நோட்டுஸ்வரங்கள். அவற்றில் ஒன்றான 'சந்ததம் பாஹிமாம்', பிரிட்டிஷ் தேசிய கீதத்தின் மெட்டிலேயே அமைந்தது. அவர்களுடைய கீதம் தீட்சிதர் கையில் அம்பாள் ஸ்துதியானது. ஒரு நூற்றாண்டுக்கு மேல் கழித்து நம் கீதம் ஓர் ஆங்கிலேயர் கையில் ஆர்கெஸ்ட்ரா வடிவம் பெற்றது. இரண்டுக்கும் பாலம் ஒரே ராகம்.

1950 ஜனவரி 24 அன்று 'ஜன கண மன' தேசிய கீதமாக அறிவிக்கப்பட்டது. முரில் அதன் பிறகு அதிக நாள் இருக்கவில்லை. 1952 ஜூலையில், 43 வயதில் காலமானார். இங்கிலாந்து தேவாலயங்களில் மாலை வழிபாட்டின்போது அவருடைய இசை இன்றும் பாடப்படுகிறது. இந்தியாவில் அவர் பெயரை அறிந்தவர்கள் சொற்பம்.

மார்கரெட் கசின்ஸ் இந்தியாவிலேயே தங்கிவிட்டார். 1932-ல் அரசின் அவசரச் சட்டங்களை எதிர்த்துப் பேசியதற்காக, சித்தூரை அடுத்த வேலூரில் சிறைவாசம் அனுபவித்தார். 1944-ல் பக்கவாதம் தாக்கியது. 1954 மார்ச் 11 அன்று காலமானார். மதனப்பள்ளி மாணவர்களுக்காகத் தாம் எழுதி வைத்த மெட்டு ஒரு குடியரசின் கீதமானதை அவர் உயிரோடிருந்தே பார்த்துவிட்டார்.