மலையில் 90 மீட்டர் எங்கே போனது?

கீழ்பென்னாத்தூரிலிருந்து மேற்கே பார்த்தால் அண்ணாமலை தெரியும். உயரம் 814 மீட்டர். ஆனால் உச்சியில், தீபக் கொப்பரை ஏற்றும் பாறையில், சில ஜிபிஎஸ் செயலிகள் 725-ஐ ஒட்டிய எண்ணைக் காட்டும். ஜிபிஎஸ்ஸுக்கு உயரம் எப்போதுமே கொஞ்சம் தகராறுதான்: செயற்கைக்கோள்கள் எல்லாம் தலைக்கு மேலேதான், காலடியில் ஒன்றுமில்லை. ஆனாலும் அந்தப் பிழை சில மீட்டர்களுக்குள் அடங்கிவிடும். 90 மீட்டர் போனதற்குக் காரணம் வேறு.

20,200 கி.மீ. உயரத்தில் சுற்றும் அந்தச் செயற்கைக்கோள்களுக்குக் கடல் மட்டம் தெரியாது. குறைந்தது நான்கின் தொலைவை வைத்து, பூமியின் மையத்திலிருந்து நாம் எங்கே இருக்கிறோம் என்று கருவி கணக்கிடுகிறது. பிறகு, துருவங்களில் லேசாகத் தட்டையான ஒரு வழவழப்பான கற்பனை உருண்டையிலிருந்து உயரத்தை அளக்கிறது. கடலோ அந்த உருண்டையை மதிப்பதில்லை. ஈர்ப்பு மிகுந்த இடத்தை நோக்கித் தண்ணீர் நகரும். குறைந்த இடத்தில் பரப்பு தாழ்ந்துவிடும்.

உலகிலேயே மிக ஆழமான அத்தகைய பள்ளம் நமக்குத் தெற்கேதான் இருக்கிறது. இலங்கைக்குத் தெற்கே கடல் மட்டம் அந்த உருண்டையைவிட 106 மீட்டர் தாழ்ந்திருக்கிறது. கப்பலில் போகிறவர் கண்ணுக்கு எதுவும் தெரியாது, ஏனென்றால் ரசமட்டம் வைத்துப் பார்த்தாலும் அங்கே எல்லாம் சமம்தான்! டச்சு அறிவியலாளர் வெனிங் மைனெஸ் 1948-இல் ஈர்ப்பை அளந்து இதைக் கண்டுபிடித்தார். காரணத்தைப் பற்றிய விவாதம் நெடுங்காலம் நீண்டது. பெங்களூரு இந்திய அறிவியல் கழகத்தின் தேபாஞ்சன் பால், அத்ரேயி கோஷ் இருவரும் 2023-இல் ஒரு விளக்கம் தந்தார்கள். இந்தியா வடக்கே நகர்ந்தபோது மறைந்த டெத்திஸ் கடலின் தரை பூமியின் ஆழத்துக்குள் மூழ்கியது. அது ஆப்பிரிக்காவுக்கு அடியிலிருந்த சூடான, எடை குறைந்த பாறைப்பொருளைக் கிளப்பிவிட்டது. அந்தப் பாறைப்பொருள் இந்தியப் பெருங்கடலுக்கு அடியில் வந்து சேர, ஈர்ப்பு குறைந்தது. சுமார் 2 கோடி ஆண்டுகளுக்கு முன்பே பள்ளம் இன்றைய வடிவை எட்டிவிட்டதாம்.

அந்தப் பள்ளத்தின் சரிவில்தான் தமிழ்நாடு முழுவதும் அமர்ந்திருக்கிறது. மெரினா மணலில் நிற்பவரையும் திருத்தாத கணக்கு 80 மீட்டருக்கும் கீழே தள்ளும். கையடக்க ஜிபிஎஸ் கருவிகளில் இடத்துக்கு இடம் எவ்வளவு கூட்ட வேண்டும் என்ற அட்டவணை உள்ளேயே இருக்கும். ஆண்ட்ராய்டு செயலிகள் சில அந்தத் திருத்தத்தைச் செய்யாமல் விட்டுவிடும். ஏரிக்கால் வெட்ட மட்டம் பார்ப்பவர்கள் இந்தத் திருத்தத்தை விட்டுவிட முடியாது. மதகைத் தாண்டும் தண்ணீர் ஈர்ப்பைப் பார்த்துத்தான் ஓடும்.