உத்தரவு கையில், உரிமம் எங்கே?

எங்க ஊர்ப் பேரூராட்சியில் மரச்செக்கு வைக்க உரிமம் கேட்டு நான் மனு கொடுத்து இரண்டு வருசம் ஆகப்போகுது. ரசாயனம் போடாமல் விளைந்த கடலையும் எள்ளும் வியாபாரிக்கு மூட்டையாகப் போகாமல், எண்ணெயாகச் சாப்பிடுறவங்க வீட்டுக்கே போகட்டும் என்பதுதான் எண்ணம். மனுவுக்குச் சரி என்றும் பதில் இல்லை, முடியாது என்றும் பதில் இல்லை. ஏழு மாதம் நடந்து பார்த்துவிட்டு உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் ரிட் மனு போட்டேன். நகல் கிடைத்த நாளிலிருந்து ஆறு வாரத்துக்குள் மனுவைப் பரிசீலித்து முடிவெடுக்கணும்னு உத்தரவு வந்தது. அன்றைக்கு வீட்டில் பாயசம். கொஞ்சம் அவசரப்பட்டுட்டோம்.

நகலைக் கொண்டுபோய் எழுத்தர் கையில் கொடுத்தேன். “வச்சுட்டுப் போங்கண்ணே, பாக்கறோம்” என்றார். இரண்டு மாதம் கழித்துக் கேட்டால், “அப்படி ஒண்ணும் வரலையே!”

கோர்ட் உத்தரவை மீறினால் அவமதிப்பு என்று நமக்கெல்லாம் தெரியும். ஆனால் 1971-ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் கேட்பது, வேண்டுமென்றே மீறினாரா என்பதை. உத்தரவே வரலைன்னு சொல்ற அதிகாரிமேல் அதை எப்படி நிரூபிக்கிறது? கெடுவும் நகல் கிடைத்த நாளிலிருந்துதானே ஓடுது. அதனால் நகலை விரைவுத் தபாலில் அனுப்பி, போய்ச் சேர்ந்ததற்கான சான்றை வாங்கி வச்சுக்கங்க. நேரில் கொடுத்தால் உங்க பிரதியில் சீலும் தேதியும் கையெழுத்தும் வாங்காமல் நகராதீங்க. நான் மறுபடி தபாலில் அனுப்பி, மறுபடி ஆறு வாரம் காத்திருந்தேன். அப்பவும் சத்தமில்லை. அதுக்கப்புறம்தான் அவமதிப்பு மனு. கெடு முடிந்த ஓராண்டுக்குள் இதைப் போட்டுடணும். பேசிப் பார்ப்போம்னு தள்ளிப்போட்டால் வழி அடைஞ்சிடும்.

தண்டனை ஆறு மாதம் வரை வெறுங்காவல், அல்லது 2,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். (அந்த அபராதப் பணத்தில் ஒரு டின் செக்கு எண்ணெய்கூட வாங்க முடியாது.) மனப்பூர்வமாக மன்னிப்புக் கேட்டால் பெரும்பாலும் விட்டுவிடுவாங்க. எப்பவும் அப்படி இல்லை. கூடலூர்க் காடுகள் வெட்டப்படுவதை எதிர்த்து நிலம்பூரைச் சேர்ந்த கோதவர்மன் திருமுல்பாடு 1995-இல் தொடுத்த வழக்கு நாடு முழுவதுக்குமான காட்டு வழக்காக வளர்ந்தது. மகாராஷ்டிரத்தில் உரிமமில்லாத மர அறுவை ஆலைகளை மூடவும், உரிம விதியைத் தளர்த்தாமல் இருக்கவும் அதில் 1997-இல் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. அதை மீறி ஆறு ஆலைகளுக்கு அனுமதி கொடுத்தாங்க. விளைவு, அம்மாநில வனத்துறையின் முதன்மைச் செயலர் அசோக் கோட், வனத்துறை அமைச்சராக இருந்த ஸ்வரூப் சிங் நாயக் இருவருக்கும் 2006 மே மாதம் ஒரு மாதச் சிறை. அவங்க கேட்ட மன்னிப்பை நீதிமன்றம் ஏற்கலை.

அந்தத் தெம்பில்தான் நானும் இருந்தேன். நோட்டீஸ் போனதும் எங்க செயல் அலுவலர் கோர்ட்டுக்கு ஒரு தாளோடு வந்தார். ‘பொதுமக்கள் ஆட்சேபணை காரணமாக மனு நிராகரிக்கப்படுகிறது’ என்று ஒரே வரி. யார் ஆட்சேபித்தாங்க, எதுக்கு, ஒண்ணும் இல்லை. தாமதத்துக்கு மன்னிப்பும் கேட்டார். அவமதிப்பு மனு அன்றைக்கே முடிந்தது.

எனக்கு ஆத்திரமாக வந்தது. வக்கீலம்மா நிதானமாக விளக்கினாங்க: “கோர்ட் முடிவெடுக்கத்தான் சொல்லிச்சு, உரிமம் குடுக்கச் சொல்லலையே. முடிவு தப்புன்னா அது வேற வழக்கு, அவமதிப்பு இல்லை.” முதல் மனுவிலேயே என்னை நேரில் விசாரிக்கணும், மறுத்தால் காரணத்தை எழுத்தில் தரணும் என்றும் கேட்டிருக்கலாம். உத்தரவில் அந்த வரி இருந்திருந்தால், இந்த ஒற்றை வரித் தாளோடு அவ்வளவு லேசாக வந்திருக்க முடியாது.

இப்போ அந்த நிராகரிப்பை ரத்து செய்யச் சொல்லி இரண்டாவது ரிட் நடக்குது. ஆட்சேபணை மனுக்களின் நகலைத் தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்டிருக்கேன். கடலை இந்த வருசமும் மூட்டையாகத்தான் போச்சு.