அளவுவிகிதமும் பாதை அகலமும்

ஒரு பொருளின் மாதிரியைச் சிறிதாகச் செய்யும்போது, அதன் எல்லா உறுப்புகளும் ஒரே விகிதத்தில் சிறுத்தல் வேண்டும். எளிதாகத் தோன்றும் இவ்விதியைக் காப்பது எத்துணை அரிது என்பதை மாதிரித் தொடர்வண்டிகள் உணர்த்துகின்றன.

மாதிரித் தொடர்வண்டிகளைப் பற்றி அறிய விழைவோர், அளவுவிகிதம், பாதை அகலம் என்னும் இரண்டையும் முதலில் பிரித்தறிதல் வேண்டும். உண்மை வண்டி எத்தனை மடங்கு சிறிதாக்கப்பட்டுள்ளது என்பதைக் கூறுவது அளவுவிகிதம். இதற்கு அலகு இல்லை. இரு தண்டவாளங்களின் உட்பக்கங்களுக்கு இடைப்பட்ட தொலைவு பாதை அகலம். இது மில்லிமீட்டரில் அளக்கப்படும்.

ஐரோப்பிய நாடுகள் பலவற்றிலும் அமெரிக்காவிலும் உண்மையான இருப்புப்பாதையின் அகலம் 1435 மி.மீ. ஆகும். 'எச்.ஓ.' வகை மாதிரியின் அளவுவிகிதம் 1:87. 1435ஐ 87ஆல் வகுத்தால் ஏறத்தாழ 16.5 மி.மீ. கிடைக்கும். அவ்வகைப் பாதையின் அகலமும் அதுவே. இங்கு வண்டியும் பாதையும் ஒத்துள்ளன.

பிரிட்டனில் நிலை வேறாயிற்று. அந்நாட்டின் பாலங்களும் சுரங்கவழிகளும் குறுகலானவை; ஆதலின், அவற்றினூடே செல்லும் எஞ்சின்களும் ஐரோப்பிய எஞ்சின்களைவிடச் சிறியவை. 1:87 அளவில் செய்த பிரிட்டன் எஞ்சினுக்குள் அக்கால மோட்டாரைப் பொருத்துவது கடினமாயிற்று. எனவே, பாதையை 16.5 மி.மீ. அகலத்திலேயே வைத்துக்கொண்டு, வண்டியை மட்டும் 1:76.2 அளவுக்குப் பெரிதாக்கினர். இதுவே 'ஓ.ஓ.' வகை. 1938இல் வெளிவந்த 'ஹார்ன்பி டப்ளோ' இவ்வகையைச் சார்ந்தது.

இந்த அளவுவிகிதத்திற்குரிய பாதை அகலம் 18.83 மி.மீ. ஆகும். 16.5ஐ 76.2ஆல் பெருக்கினால் 1257 மி.மீ. மட்டுமே வரும். அதாவது, உண்மைப் பாதையில் 178 மி.மீ. குறைந்துபோகிறது. பக்கவாட்டில் பார்ப்போருக்கு இக்குறை புலப்படாது. எதிரில் நின்று நோக்கினால், பெரிய உடலின்கீழ்ச் சக்கரங்கள் நெருங்கி நிற்பது தெரியும்.

பின்னாளில் சிறிய மோட்டார்கள் வந்தன. குறைக்குக் காரணம் நீங்கியது. ஆயினும், குறை நீங்கவில்லை. மக்கள் வாங்கி வைத்திருந்த வண்டிகளும் பாதைகளும் பழைய அளவிலேயே இருந்தமையால், பிரிட்டனில் இன்றும் அவ்வகையே பெருவழக்காக உள்ளது. துல்லியத்தை விரும்புவோர் சிலர் 18.83 மி.மீ. அகலத்தில் தாமே பாதை அமைத்து, வண்டிகளின் சக்கரங்களையும் மாற்றிக்கொள்கின்றனர்.

ஒரு மாதிரி உண்மையை ஒத்துள்ளதா என்றறிய ஒரு பெருக்கல் போதும். ஆனால், ஒரு காலத்தின் வசதிக்காகச் செய்த சிறு விட்டுக்கொடுத்தல் வழக்கமாக வேரூன்றிவிட்டால், அதனை மாற்றுதல் எளிதன்று.